மனம், மூளை, பார்வை: டெல்லி வாசகர்களின் கேள்விகள்

டெல்லியிலும் அக்கம்பக்கத்திலும் இருக்கும் வாசகர்களிடமிருந்து இந்த முறை வந்த கடிதங்களில் பெரும்பாலானவை மூளையையும் புலன்களையும் பற்றியவை. பள்ளியில் பதினொன்று, பன்னிரண்டாம் வகுப்புகளுக்கு உளவியல் நடத்தியவள் என்பதால் ஆசிரியர் குழு அவற்றை என்னிடம் கொடுத்துவிட்டது. எனக்கு மிகவும் பிடித்த பாடம். அதனால் சில பதில்கள் நீளும்.

டீச்சர், நான் பி.காம். படித்துவிட்டு வங்கியில் வேலை பார்க்கிறேன். மனம், மூளை பற்றி முறையாகப் படிக்க ஆசை. கடைக்குப் போனால் வெற்றிக்கு வழி சொல்லும் புத்தகங்கள்தான் அடுக்கி வைத்திருக்கிறார்கள். எங்கிருந்து ஆரம்பிப்பது?
*வாசகர், மயூர் விஹார்*

கண்ணிலிருந்து ஆரம்பியுங்கள். மனம் என்று மொத்தமாக எடுத்துக்கொண்டால் பிடி கிடைக்காது. நான் என்பது யார், உணர்வு என்பது என்ன என்று முதல் வாரத்திலேயே தத்துவத்துக்குள் போய்விடுவீர்கள். அதுவும் தேவைதான், ஆனால் பிறகு. பார்வையை உடனே சோதித்துப் பார்க்கலாம், அதுவும் உங்கள் மேலேயே.

ஒரு தாள் எடுங்கள். இடது பக்கம் ஒரு கூட்டல் குறி, அதிலிருந்து 8 சென்டிமீட்டர் தள்ளி வலது பக்கம் ஒரு கறுப்புப் புள்ளி. இடது கண்ணை மூடிக்கொண்டு, வலது கண்ணால் கூட்டல் குறியை மட்டும் பாருங்கள். தாளைக் கை நீட்டும் தூரத்திலிருந்து மெதுவாக முகத்தை நோக்கிக் கொண்டுவாருங்கள். சுமார் ஒரு அடி தூரத்தில் புள்ளி காணாமல் போகும். இன்னும் நெருங்கினால் திரும்பி வந்துவிடும். விழித்திரையிலிருந்து பார்வை நரம்பு வெளியேறும் இடத்தில் ஒளியை உணரும் செல்களே கிடையாது. அதுதான் குருட்டுப் புள்ளி. பிரான்ஸைச் சேர்ந்த எட்ம் மாரியட் 1660-களிலேயே இதைக் கண்டுபிடித்துவிட்டார்.

புள்ளி மறைந்ததைவிட, அது மறைந்த இடத்தில் என்ன தெரிந்தது என்பதைக் கவனியுங்கள். கறுப்பாக ஒரு ஓட்டை தெரியவில்லை. வெள்ளைத் தாள் தெரிந்தது. கோடு போட்ட நோட்டில் செய்தால் கோடு அறுபடாமல் ஓடும். கண் அனுப்பாத ஒன்றை மூளை தானே நிரப்பிக்கொள்கிறது, நிரப்பியதை உங்களிடம் சொல்வதும் இல்லை. பிறந்ததிலிருந்து இரண்டு கண்ணிலும் இந்த இடைவெளி இருந்திருக்கிறது. இதைச் செய்து பார்த்தவர்களுக்கு, பார்ப்பது என்றால் கேமரா படம் பிடிப்பது மாதிரி என்ற எண்ணம் போய்விடும். அது போன பிறகு படிக்கும் ஒவ்வொரு புத்தகமும் வேறு விதமாகப் புரியும்.

இப்போது புத்தகங்களுக்கு வருகிறேன். முதலில் காசு செலவழிக்காதீர்கள். என்.சி.இ.ஆர்.டி.யின் பதினொன்றாம் வகுப்பு உளவியல் பாடப்புத்தகத்தை அவர்கள் இணையதளத்திலேயே இலவசமாக இறக்கிக்கொள்ளலாம். புலன்கள், கவனம், புலனறிவு பற்றிய பாடத்தைப் படியுங்கள், அப்புறம் நினைவாற்றல், சிந்தனை. பாடப்புத்தகம்தானே என்று ஒதுக்க வேண்டாம். கலைச்சொற்கள் எல்லாம் ஒரே இடத்தில் நிதானமாக விளக்கப்பட்டிருக்கும். அவை தெரியாமல் பெரிய நூல்களுக்குள் போனால் பாதியில் நின்றுவிடுவீர்கள்.

அடுத்தது ரிச்சர்ட் கிரிகரியின் ‘ஐ அண்ட் பிரெயின்’. 1966-இல் முதலில் வந்தது, பிறகு பலமுறை திருத்தப்பட்டது. கிடைத்தால் 1997-இல் வந்த ஐந்தாம் பதிப்பை வாங்குங்கள். நாம் காண்பது ஒவ்வொன்றும் கிடைத்த அரைகுறைத் தடயங்களை வைத்து மூளை செய்யும் ஊகம் என்பது அவர் வாதம். படங்கள் நிறைய உண்டு, பி.காம். படித்தவருக்கும் புரியும்.

மூன்றாவதாக நரம்பியல் ஆய்வாளர் வி.எஸ். ராமச்சந்திரன். சென்னை ஸ்டான்லி மருத்துவக் கல்லூரியில் படித்துவிட்டு கேம்பிரிட்ஜ் போனவர். சாண்ட்ரா பிளேக்ஸ்லீயுடன் சேர்ந்து 1998-இல் எழுதிய ‘ஃபேண்டம்ஸ் இன் தி பிரெயின்’ கீழே வைக்க முடியாத புத்தகம். கண்ணாடி, பஞ்சு சுற்றிய குச்சி போன்ற எளிய பொருட்களை வைத்துக்கொண்டு எவ்வளவு ஆழமான கேள்விகளைக் கேட்கலாம் என்பதை இவரிடம் கற்றுக்கொள்ளலாம். சில முடிவுகளுக்கு அவர் அவசரப்பட்டுத் தாவிவிடுகிறார் என்பது என் கருத்து. அதை மனதில் வைத்துக்கொண்டு படியுங்கள். நரம்பியல் மருத்துவர் ஆலிவர் சாக்ஸ் 1985-இல் எழுதிய நோயாளிக் கதைகளை, ‘தி மேன் ஹூ மிஸ்டுக் ஹிஸ் வைஃப் ஃபார் எ ஹேட்’, எப்போது வேண்டுமானாலும் படிக்கலாம்.

டேனியல் கானமனின் ‘திங்கிங், ஃபாஸ்ட் அண்ட் ஸ்லோ’ எல்லோர் வீட்டிலும் இருக்கிறது. நல்ல நூல்தான். ஆனால் ஒரு சொல்லைக் கேட்டாலே நம் நடத்தை மாறிவிடும் என்ற ரீதியில் அதில் ஒரு அத்தியாயம் வரும். அதற்கு ஆதாரமாகக் காட்டப்பட்ட பல ஆய்வுகள் பிற்பாடு நிற்கவில்லை. சிறிய ஆய்வுகளை அளவுக்கு மீறி நம்பிவிட்டதாகக் கானமனே 2017-இல் வெளிப்படையாக எழுதினார். நோபல் பரிசு வாங்கியவர் அப்படி எழுதியது அந்தப் புத்தகத்தின் மேல் எனக்கு இருந்த மரியாதையைக் கூட்டியது.

தமிழிலேயே தொடங்க வேண்டுமென்றால் சுஜாதாவின் ‘தலைமைச் செயலகம்’. எழுதப்பட்டதற்குப் பிறகு அறிவியல் வெகுதூரம் வந்துவிட்டது என்றாலும், மூளையின் பாகங்களை அவ்வளவு சரளமாகத் தமிழில் சொன்னவர்கள் குறைவு. ஆங்கில நூல்களின் பழைய பிரதிகளுக்கு ஞாயிற்றுக்கிழமை காலையில் ஆசஃப் அலி சாலை மகிளா ஹாட்டுக்குப் போங்கள். தரியாகஞ்ச் நடைபாதையில் இருந்த புத்தகச் சந்தை இப்போது அங்கேதான். ஆர்.கே. புரத்தில் தமிழ்ச் சங்க நூலகத்திலும் கேட்டுப் பாருங்கள்.

என் பேத்திக்கு நாலு வயது. இடது கண்ணில் பார்வை குறைவு என்று கண்ணாடி போட்டு, தினமும் சில மணி நேரம் வலது கண்ணை மறைத்து ஒட்டச் சொல்லியிருக்கிறார் டாக்டர். நல்லா இருக்கிற கண்ணை மூடினால் அதுவும் கெட்டுப் போகாதா? குழந்தை அழுகிறாள். என் மகளும் நானும் இதனால் சண்டை போட்டுக்கொள்கிறோம்.
*ஒரு பாட்டி, ஆர்.கே. புரம்*

அம்மா, உங்கள் பயம் நியாயமானது. ஆனால் இந்த விஷயத்தில் மகள் பக்கம் நில்லுங்கள்.

சோம்பேறிக் கண் என்று இதைச் சொல்வார்கள். எனக்கு அந்தப் பெயர் பிடிக்காது, குழந்தை மேல் குற்றம் சொல்கிற மாதிரி இருக்கிறது. கண்ணில் பவர் வித்தியாசமோ மாறுகண்ணோ இருந்தால், அந்தக் கண்ணிலிருந்து மூளைக்குத் தெளிவில்லாத அல்லது பொருந்தாத படம் வருகிறது. மூளை நல்ல கண்ணையே நம்பிப் பழகி, மற்றதை ஒதுக்க ஆரம்பித்துவிடுகிறது. வீட்டில் இரண்டு பிள்ளைகள் இருந்து, ஒருவனையே எப்போதும் கடைக்கு அனுப்பினால் இன்னொருவனுக்குக் கடைவீதியே தெரியாமல் போகுமே, அதுதான் நடக்கிறது. நல்ல கண்ணைக் கொஞ்ச நேரம் மறைத்தால் மூளை வேறு வழியில்லாமல் இடது கண்ணைக் கேட்டாக வேண்டும்.

இது எப்படித் தெரியவந்தது என்பதையும் சொல்கிறேன். டேவிட் ஹ்யூபல், டார்ஸ்டன் வீசல் என்ற இருவர் 1960-களில் பூனைக்குட்டிகளை வைத்து ஆராய்ந்தார்கள். பிறந்த சில வாரங்களில் ஒரு கண்ணை மூடி வைத்துப் பின்னர் திறந்துவிட்டால், கண் நன்றாக இருந்தும் குட்டிக்கு அந்தக் கண்ணால் பார்க்கத் தெரியவில்லை. மூளையின் பார்வைப் பகுதியில் அந்தக் கண்ணுக்குப் பதில் சொல்லும் செல்கள் ஏறக்குறைய இல்லாமலே போயிருந்தன. வளர்ந்த பூனைக்கு அதே மாதிரி மூடி வைத்தபோது ஒன்றும் ஆகவில்லை. இளமையில் ஒரு பருவத்தில் மூளை கண்ணிடமிருந்து பாடம் கேட்கிறது, அந்தப் பருவத்தில் பாடம் நின்றால் நஷ்டம் பெரிது. 1981-இல் அவர்களுக்கு நோபல் கிடைத்தது. உலகம் முழுக்கக் குழந்தைக் கண் மருத்துவர்கள் அவசரப்படுத்துவதற்குப் பின்னால் இந்த ஆராய்ச்சி இருக்கிறது.

நாலு வயது என்பது நல்ல காலம். ஏழு வயதுக்குள் பலன் கூடுதலாகக் கிடைக்கும். அதற்கு மேலும் பல குழந்தைகளுக்கு முன்னேற்றம் உண்டு, ஆனால் காத்திருக்க ஒரு காரணமும் இல்லை. நல்ல கண் கெடுமா என்ற கேள்விக்கு வருகிறேன். டாக்டர் சொன்ன நேரத்துக்கு மேல் நாமாகவே நாள் முழுக்க ஒட்டி வைத்தால் அந்த அபாயம் உண்டு. அதனால்தான் சில வாரங்களுக்கு ஒருமுறை வரச்சொல்லி இரண்டு கண்ணையும் பரிசோதிக்கிறார்கள். அந்தத் தேதியை மட்டும் தவறவிடாதீர்கள்.

ஒட்டுவதைக் கண்ணாடி மேல் ஒட்டாமல் தோலில், கண்ணைச் சுற்றி ஒட்டுங்கள். கண்ணாடியில் ஒட்டினால் பிள்ளைகள் ஓரத்தில் எட்டிப் பார்த்துவிடுவார்கள். ஒட்டியிருக்கும் நேரத்தில் கிட்டப் பார்க்கும் வேலையாகக் கொடுங்கள்: படத்துக்கு நிறம் தீட்டுவது, நீங்கள் பக்கத்தில் உட்கார்ந்து ராஜ்மாவையும் மொச்சையையும் பிரிக்கச் சொல்வது. அந்த நேரம் பாட்டியிடம் கதை கேட்கும் நேரம் என்று ஆகிவிட்டால் அழுகை குறையும். சந்தேகம் தீரவில்லை என்றால் எய்ம்ஸ் வளாகத்தில் ராஜேந்திர பிரசாத் கண் மையம் இருக்கிறது, இன்னொரு கருத்துக் கேட்டுக்கொள்ளுங்கள். அதுவரை சிகிச்சையை நிறுத்த வேண்டாம்.

சினிமாவில் ஆபரேஷன் முடிந்து கட்டைப் பிரித்ததும் கதாநாயகி நேராக அம்மாவைப் பார்த்து “அம்மா” என்கிறாள். பிறவியிலேயே பார்வை இல்லாதவருக்கு உண்மையில் அப்படி நடக்குமா?
*வாசகி, ஜனக்புரி*

நடக்காது. ஏன் நடக்காது என்ற கதையில் ஒரு பெரிய பங்கு நம் ஊரில், தரியாகஞ்சில், எழுதப்பட்டது. டெல்லியில் இருக்கிற எல்லோரும் இதைத் தெரிந்து வைத்திருக்க வேண்டும் என்று நினைக்கிறேன்.

1688-இல் டப்ளினைச் சேர்ந்த வில்லியம் மாலிநோ தத்துவ அறிஞர் ஜான் லாக்குக்கு ஒரு கேள்வி எழுதினார். மாலிநோவின் மனைவி பார்வை இழந்தவர். பிறவியிலேயே பார்வையற்ற ஒருவர் கனசதுரத்தையும் உருண்டையையும் தடவித் தெரிந்து வைத்திருக்கிறார். திடீரென்று பார்வை வருகிறது. இரண்டையும் தொடாமல், பார்த்தே எது எது என்று சொல்ல முடியுமா? முடியாது என்றார் லாக். தன் நூலின் இரண்டாம் பதிப்பில், 1694-இல், இந்தக் கேள்வியைச் சேர்த்தும் விட்டார். அதிலிருந்து முந்நூறு வருடங்களுக்கு மேல் விவாதம் நடந்தது. சோதிக்க ஆள் வேண்டுமே! வசதியான நாடுகளில் பிறவிக் கண்புரையைக் கைக்குழந்தையிலேயே எடுத்துவிடுவார்கள். பெரிய குழந்தையாக வளர்ந்து பார்வை பெறுபவர்கள் அங்கே அரிது.

இங்கே அரிதில்லை. வேதனையான உண்மை அது. வட இந்தியக் கிராமங்களில் பத்து, பன்னிரண்டு வயது வரை கண்புரையோடே வளரும் பிள்ளைகள் இருக்கிறார்கள். டெல்லி ஐ.ஐ.டி.யில் படித்து அமெரிக்காவில் எம்.ஐ.டி. பேராசிரியரான பவன் சின்ஹா, 2000-களின் நடுவில் ‘ப்ராஜெக்ட் பிரகாஷ்’ என்ற முயற்சியைத் தொடங்கினார். தரியாகஞ்சில் உள்ள டாக்டர் ஷ்ராஃப் கண் மருத்துவமனையுடன் சேர்ந்து, அப்படிப்பட்ட பிள்ளைகளைத் தேடிக் கண்டுபிடித்து அறுவை சிகிச்சை செய்வது, பிறகு அவர்கள் எப்படிப் பார்க்கக் கற்றுக்கொள்கிறார்கள் என்று ஆராய்வது. சிகிச்சை முதலில், ஆய்வு அதற்கு அப்புறம். அந்த வரிசை எனக்கு மிக முக்கியமாகப் படுகிறது.

2011-இல் அவர்கள் மாலிநோவின் கேள்விக்குப் பதில் வெளியிட்டார்கள். 8 முதல் 17 வயதுக்குட்பட்ட ஐந்து பேர். பொம்மைக் கட்டைகளால் செய்த வடிவங்கள். சிகிச்சை முடிந்து 48 மணி நேரத்துக்குள் சோதனை. பார்த்த வடிவத்தைப் பார்வையாலேயே அடையாளம் காண்பதில் 92 சதவீதம் சரி. அப்படியானால் கண் வேலை செய்கிறது. தொட்டதைத் தொட்டே அடையாளம் காண்பதில் 98 சதவீதம். ஆனால் தொட்டுத் தெரிந்துகொண்டதைப் பார்வையால் கண்டுபிடிக்கச் சொன்னபோது 58 சதவீதம்தான். இரண்டில் ஒன்றைக் கண்ணை மூடிக்கொண்டு சொன்னாலே 50 வரும். லாக் சொன்னது சரி. அதைவிட வியப்பு, அந்தப் பிள்ளைகளில் சிலரை ஒரு வாரத்துக்குள் மறுபடி சோதித்தபோது 80 சதவீதத்தைத் தாண்டிவிட்டார்கள். யாரும் பயிற்சி கொடுக்கவில்லை. பார்த்துக்கொண்டே தொட்டுப் பழகியது போதுமாக இருந்தது.

ஆகவே உங்கள் கதாநாயகிக்குக் கட்டைப் பிரித்ததும் அம்மாவின் முகம் முகமாகவே தெரியாமல் இருக்கலாம். இதே குழு ஆராய்ந்த 29 வயது மனிதர் ஒருவர், ஒன்றன் மேல் ஒன்று படிந்த இரண்டு வடிவங்களைப் பார்த்து மூன்று நான்கு துண்டுகள் என்று எண்ணினார். கோடு எங்கே குறுக்கே வருகிறதோ அங்கே பொருளே முடிந்துவிட்டதாக எடுத்துக்கொண்டார். அதே வடிவங்கள் நகர ஆரம்பித்ததும் சரியாகச் சொன்னார். சேர்ந்து நகர்வதெல்லாம் ஒரே பொருள் என்பதைக் கொண்டுதான் மூளை உலகத்தைப் பிரித்து அறியக் கற்கிறதாம். அம்மா கட்டிலுக்குப் பக்கத்தில் அசையாமல் நிற்பதைவிட, நடந்து வந்து பேசினால் அவள் சீக்கிரம் கண்டுகொள்வாள். குரல் இருக்கிறதே, அது அவளுக்கு எப்போதும் தெரிந்ததுதான்.

எல்லாமே கற்றுக்கொள்வது என்றும் சொல்லிவிட முடியாது. தண்டவாளம் போலக் குவியும் இரண்டு கோடுகளுக்கு நடுவில் ஒரே அளவுள்ள இரண்டு பட்டைகளை வைத்தால், மேலே இருப்பது நமக்குப் பெரியதாகத் தெரியும். பல ஆண்டுகள் படமும் தெருவும் பார்த்துப் பழகியதால் வரும் மயக்கம் இது என்று பலர் நினைத்திருந்தார்கள். அப்போதுதான் பார்வை பெற்ற பிரகாஷ் குழந்தைகளும் உடனே அதே மயக்கத்துக்கு ஆளானார்கள். 2015-இல் இது வெளிவந்தது. எது கூடப் பிறந்தது, எது பழகி வந்தது என்பதை ஒவ்வொன்றாகத்தான் பிரித்தெடுக்க வேண்டியிருக்கிறது.

ஒரு விஷயம் வருத்தத்தோடு சொல்ல வேண்டும். கிரிகரியின் புத்தகத்தில் எஸ்.பி. என்று குறிப்பிடப்படும் ஒரு ஆங்கிலேயர் வருகிறார். ஐம்பது வயதைத் தாண்டிப் பார்வை பெற்றவர். பார்வையில்லாதபோது தன்னம்பிக்கையோடு இருந்தவர், பார்வை வந்த பிறகு சோர்ந்து போனார், ஒன்றிரண்டு வருடங்களில் இறந்தும் போனார். பார்வை கிடைத்தால் போதும், மகிழ்ச்சி தானாக வரும் என்று சினிமா சொல்கிறது. பார்வை பெற்றவருக்கு அதற்கு அப்புறமும் வெகுநாள் துணை வேண்டும்.

நான் பதினொன்றாம் வகுப்பில் உளவியல் எடுத்திருக்கிறேன். மாமா, “மூளையில் பத்து சதவீதம்தான் பயன்படுத்துகிறோம், அதைப் பற்றிப் படிக்கப் போகிறாயா?” என்கிறார். உண்மையா? மேலே என்ன படிக்கலாம்?
*மாணவி, லோதி காலனி*

பத்து சதவீதக் கதை பொய்யம்மா. உடல் எடையில் மூளை சுமார் 2 சதவீதம்தான், ஆனால் ஓய்வாக இருக்கும்போது உடல் செலவழிக்கும் சக்தியில் சுமார் 20 சதவீதத்தை அது எடுத்துக்கொள்கிறது. வேலை செய்யாத 90 சதவீதத்துக்கு யார் இவ்வளவு சாப்பாடு போடுவார்கள்? பக்கவாதத்தில் மூளையின் சிறு பகுதி பாதிக்கப்பட்டாலே பேச்சோ கையோ போய்விடுவதை மாமாவும் பார்த்திருப்பார். பொறுமையாக எடுத்துச் சொல், கேட்டுக்கொள்வார்.

உனக்குப் பிடித்தது மனம் எப்படி அறிகிறது என்பதென்றால், ‘காக்னிட்டிவ் சயின்ஸ்’ என்ற பெயரைக் குறித்துக்கொள். உளவியல், கணினி, மொழியியல், நரம்பியல், தத்துவம் எல்லாம் ஒரே மேஜையில் உட்காரும் துறை. 1956 செப்டம்பர் 11 அன்று எம்.ஐ.டி.யில் நடந்த கருத்தரங்கில் நோம் சாம்ஸ்கி மொழியைப் பற்றியும், ஆலன் நியுவெலும் ஹெர்பர்ட் சைமனும் கணினி தர்க்கத் தேற்றங்களை நிரூபிப்பதைப் பற்றியும், ஜார்ஜ் மில்லர் நினைவின் எல்லையைப் பற்றியும் பேசினார்கள். அன்றுதான் இந்தத் துறை பிறந்தது என்று மில்லரே சொல்லியிருக்கிறார்.

பட்டப்படிப்புக்கு உளவியலே போதும், முடிந்தால் கணக்கை விடாதே. முதுகலைக்கு டெல்லி ஐ.ஐ.டி., காந்திநகர் ஐ.ஐ.டி., அலகாபாத் பல்கலைக்கழகம் மூன்றிலும் இந்தத் துறை இருக்கிறது.

சர்க்கரை நோயால் அப்பாவின் வலது காலை முழங்காலுக்குக் கீழே எடுத்துவிட்டார்கள். இல்லாத கால் விரல் வலிக்கிறது என்று ராத்திரியில் அழுகிறார். உறவினர்கள் புத்தி பேதலித்துவிட்டது என்கிறார்கள். எனக்கு என்ன செய்வதென்று தெரியவில்லை.
*வாசகர், கரோல் பாக்*

உங்கள் அப்பாவின் புத்திக்கு ஒன்றும் ஆகவில்லை. இதை முதலில் அவரிடமே சொல்லுங்கள், இன்று ராத்திரியே சொல்லுங்கள். கை கால் இழந்தவர்களில் மிகப் பெரும்பாலோருக்கு அந்த உறுப்பு இன்னும் இருப்பதாகத் தோன்றும், பலருக்கு அதில் வலியும் இருக்கும். அமெரிக்க உள்நாட்டுப் போரில் கால் இழந்த சிப்பாய்களைப் பார்த்துவிட்டு, சைலஸ் வியர் மிட்செல் என்ற மருத்துவர் 1871-இல் இதற்கு மாய உறுப்பு என்று பெயர் வைத்தார். வலி கற்பனை இல்லை, வலிக்கும் இடம் மட்டும்தான் இப்போது இல்லை.

உடம்பின் ஒவ்வொரு பகுதிக்கும் மூளையின் மேற்பரப்பில் ஓரிடம் உண்டு. மான்ட்ரியாலில் வைல்டர் பென்ஃபீல்ட், விழித்திருக்கும் நோயாளிகளின் மூளையை மெல்லிய மின்சாரத்தால் தூண்டி அந்த வரைபடத்தைத் தயாரித்தார். கால் போனாலும் வரைபடத்தில் காலின் இடம் போகவில்லை. கை இழந்த ஒரு இளைஞரின் கன்னத்தை ராமச்சந்திரன் பஞ்சுக் குச்சியால் தொட்டபோது, இல்லாத கையின் விரல்களில் தொடுவதாக அவர் சொன்னார். மூளையில் முகத்தின் இடமும் கையின் இடமும் பக்கத்துப் பக்கத்தில் இருப்பதால், முகம் கையின் இடத்துக்குள் பரவியிருக்க வேண்டும் என்பது ராமச்சந்திரனின் விளக்கம். தாமர் மேக்கின் என்ற நரம்பியல் ஆய்வாளரின் குழு செய்த ஆய்வுகள் வேறு மாதிரி சொல்கின்றன: கை போன பிறகும் கையின் வரைபடம் பெரும்பாலும் அப்படியேதான் இருக்கிறது. எது சரியென்று விவாதம் நடக்கிறது. உங்கள் அப்பாவைப் பொறுத்தவரை இரண்டு தரப்பும் ஒன்றில் ஒத்துப்போகிறார்கள், அந்தக் கால் அவர் மூளையில் இன்னும் இருக்கிறது.

செய்ய வேண்டியவை. வெட்டிய இடத்தில் புண், நரம்பு முடிச்சு, கிருமித்தொற்று எதுவும் இல்லை என்று முதலில் அறுவை சிகிச்சை மருத்துவர் பார்த்துச் சொல்ல வேண்டும். சர்க்கரை நோயாளி என்பதால் இதைத் தள்ளிப்போடக் கூடாது. நரம்பு வலிக்கென்றே மருந்துகள் இருக்கின்றன, வலி சிகிச்சைப் பிரிவில் கேளுங்கள். சாதாரண வலி மாத்திரையை நீங்களாக வாங்கிக் கொடுத்துக்கொண்டே இருக்காதீர்கள், சிறுநீரகத்துக்கு ஆகாது.

இன்னொன்று, ராமச்சந்திரன் 1990-களில் யோசித்த கண்ணாடி முறை. அப்பா காலை நீட்டி உட்காரட்டும். இரண்டு கால்களுக்கும் நடுவில் நீளமான ஒரு கண்ணாடியை, நல்ல காலைப் பார்த்தபடி நிறுத்துங்கள். எடுக்கப்பட்ட கால் கண்ணாடிக்குப் பின்னால் மறைந்திருக்க வேண்டும். கண்ணாடியில் பார்த்துக்கொண்டே நல்ல காலின் விரல்களை மெதுவாக மடக்கி நீட்டச் சொல்லுங்கள். போன கால் திரும்பி வந்து அசைவதாகக் கண்ணுக்குத் தெரியும். இறுகிக் கிடந்த விரல்கள் விரிந்த மாதிரி சிலருக்கு வலி தளரும். எல்லோருக்கும் பலிக்காது. சிலருக்கு முதல் தடவை பார்க்கும்போது மனம் கலங்கிவிடும். அதனால் பிசியோதெரபிஸ்ட் கூட இருக்கும்போது ஆரம்பிப்பது நல்லது. அந்த உறவினர்கள் வரும்போது இந்தப் பக்கத்தை அவர்களிடம் படிக்கக் கொடுங்கள்.

தொல்காப்பியம் ஆறறிவு என்கிறது. இன்றைய அறிவியல் எத்தனை புலன் என்கிறது?
*ஓய்வுபெற்ற தமிழாசிரியர், முனிர்கா*

ஐயா, தொல்காப்பிய மரபியல் உயிர்களை வகைப்படுத்தும் முறை எனக்கும் பிடித்த ஒன்று. தொடுதல், சுவை, நாற்றம், பார்வை, கேள்வி, ஆறாவதாக மனம். புல்லும் மரமும் ஓரறிவு என்று தொடுதலை எல்லா உயிர்க்கும் அடிப்படையாக வைத்திருக்கிறார்கள். இன்றைய கணக்கோடு அதை வலிந்து பொருத்த வேண்டியதில்லை, அது தன் இடத்தில் அழகாகவே நிற்கிறது.

இன்றைய அறிவியலில் ஐந்து என்ற எண் இல்லை. தோல் ஒன்றுக்குள்ளேயே அழுத்தம், சூடு, குளிர்ச்சி, வலி என்று தனித்தனி உணர்விகள் உண்டு. காதுக்குள் சமநிலை உணர்வு இருக்கிறது. கண்ணை மூடிக்கொண்டு சுட்டுவிரலால் மூக்கு நுனியைத் தொடுங்கள். எந்தப் புலன் வழி காட்டியது? தசைகளிலும் மூட்டுகளிலும் இருக்கும் உணர்விகள், கை எங்கே இருக்கிறது என்று மூளைக்குச் சொல்லிக்கொண்டே இருக்கின்றன. சூட்டையும் தொடுதலையும் உணரும் மூலக்கூறுகளைக் கண்டுபிடித்ததற்காக டேவிட் ஜூலியஸ், ஆர்டெம் படாபூட்டியன் இருவருக்கும் 2021-இல் நோபல் கொடுத்தார்கள்.

தினமும் குருகிராமுக்குக் கார் ஓட்டிப் போகிறேன். போனைக் கையில் எடுக்க மாட்டேன், புளூடூத்தில்தான் பேசுவேன். மனைவி அதுவும் கூடாது என்கிறார். கை ஸ்டியரிங்கில், கண் ரோட்டில் இருக்கும்போது என்ன தப்பு?
*வாசகர், துவாரகா*

உங்கள் மனைவி சொல்வதே சரி. கண் ரோட்டில் இருந்தால் போதாது, கவனமும் அங்கே இருக்க வேண்டும்.

1999-இல் டேனியல் சைமன்ஸும் கிறிஸ்டோபர் சாப்ரிஸும் ஒரு சோதனை செய்தார்கள். சிலர் பந்தைத் தூக்கிப் போட்டு விளையாடும் வீடியோ. வெள்ளைச் சட்டைக்காரர்கள் எத்தனை முறை பந்தைக் கைமாற்றுகிறார்கள் என்று எண்ணச் சொன்னார்கள். நடுவில் கொரில்லா வேடமிட்ட ஒருவர் வந்து, மார்பில் தட்டிக்கொண்டு போனார். எண்ணிக்கொண்டிருந்தவர்களில் ஏறக்குறைய பாதிப் பேர் அவரைப் பார்க்கவே இல்லை. கண் திறந்திருந்தது, திரையைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

காரோட்டுவதிலும் இதேதான். 2001-இல் டேவிட் ஸ்ட்ரேயரும் வில்லியம் ஜான்ஸ்டனும் காரோட்டுவது போல ஆய்வுக்கூடத்தில் செய்த சோதனையில், போனில் பேசிக்கொண்டிருந்தவர்கள் சிவப்பு விளக்குகளைத் தவறவிட்டார்கள், கவனித்தவர்களும் தாமதமாகவே பிரேக் போட்டார்கள். கையில் பிடித்துப் பேசினாலும் கையில் பிடிக்காமல் பேசினாலும் வித்தியாசம் தெரியவில்லை. பக்கத்து சீட்டில் இருப்பவரோடு பேசுவது இந்த அளவுக்கு ஆபத்தில்லை. முன்னால் லாரி குறுக்கே வந்தால் அவரும் பார்க்கிறார், பேச்சை நிறுத்துகிறார். போனில் இருப்பவருக்கு லாரி தெரியாது, உங்கள் பதிலுக்குக் காத்திருப்பார்.

தௌலா குவான் சந்திப்பில் எந்தப் பக்கத்திலிருந்து எந்த பைக் வரும் என்று யாருக்கும் தெரியாது. புறப்படும்போதே போனை சைலன்ட்டில் போட்டு டாஷ்போர்டுக்குள் வைத்துவிடுங்கள். அலுவலகத்திலிருந்து அவசர அழைப்பு வரும் நாளென்றால், பாதுகாப்பான இடத்தில் காரை ஓரமாக நிறுத்திவிட்டுப் பேசுங்கள்.